தைக்காத துணியின் வடிவமைப்பு: பானு அத்தையாவின் திரைத்தொழில்

திரைப்பட ஆடை வடிவமைப்பு இந்தியாவில் தனிப்பெயர் பெறுவதற்கு முன்பே ஒரு கைத்தொழிலாக இருந்தது. நாடகக் குழுக்களிலிருந்து வந்த உடைக்காரர்களும், படக் கம்பெனிச் சம்பளத்தில் இருந்த தையற்காரர்களும், வாடகைக்கு வேடத்துணி கொடுக்கும் கடைகளுமே தொடக்க காலத்தில் நடிகர்களை உடுத்தி அனுப்பினார்கள். தமிழ்த் திரையுலகில் இன்றும் வழங்கும் ‘காஸ்ட்யூமர்’ என்ற சொல் அந்த மரபின் எச்சம். உடையைத் தைத்து, துவைத்து, தேய்த்து, காட்சிக்குக் காட்சி எடுத்துக்கொடுத்துக் காப்பவரை அது குறிக்கிறது. எந்தப் பாத்திரம் எந்தக் காட்சியில் எதை, எதற்காக உடுத்த வேண்டும் என்று வரைந்து முடிவு செய்பவரைக் குறிக்க ‘காஸ்ட்யூம் டிசைனர்’ என்ற இன்னொரு சொல் பின்னால் வந்து சேர்ந்தது. இவ்விரு சொற்களுக்கும் இடைப்பட்ட தூரத்தை இந்தித் திரையுலகில் தம் ஒருவர் வாழ்நாளிலேயே கடந்தவர் பானு அத்தையா (1929–2020). ஆஸ்கர் விருது பெற்ற முதல் இந்தியர் என்ற ஒற்றைத் தொடரில் அவருடைய அரை நூற்றாண்டுப் பணி சுருக்கப்பட்டுவிடுவது வழக்கம். அந்த விருது பெரும்பாலும் ஊசி படாத துணிக்கு, வேட்டிக்கும் சேலைக்கும் சால்வைக்கும், கிடைத்தது என்பது அவ்வளவாகக் கவனிக்கப்படவில்லை. தைப்பதற்கு ஒன்றுமில்லாத உடையில் வடிவமைப்பாளருக்கு என்ன வேலை என்ற கேள்வியிலிருந்து அவருடைய தொழிலைப் பார்த்தால், அது வேறொரு ஒழுங்கில் விரிகிறது.

பானுமதி அண்ணாசாகேப் ராஜோபாத்யே என்ற இயற்பெயருடன் அவர் பிறந்த ஊர் கோலாப்பூர். நாள் 1929 ஏப்ரல் 28. அப்போது அது ஒரு சுதேச சமஸ்தானத்தின் தலைநகர். மராத்தித் திரைப்படத்தின் தொட்டில் என்றும் சொல்லத்தக்கது. பாபுராவ் பெயின்டர் தம் மகாராஷ்டிரா ஃபிலிம் கம்பெனியை நடத்திய ஊர் அது. பானு பிறந்த அதே 1929இல் பிரபாத் ஃபிலிம் கம்பெனி தொடங்கப்பட்டதும் அங்கேதான். பெயரிலேயே தூரிகையைச் சுமந்த பாபுராவ் போன்றவர்கள், திரைச்சீலை வரைவதையும் அரங்கம் அமைப்பதையும் உடைக்கு நிறம் தேர்வதையும் ஒரே வேலையின் பகுதிகளாகக் கண்டவர்கள். பானுவின் தந்தை அண்ணாசாகேப்பும் ஓவியர். பாபுராவின் படங்களில் பணியாற்றியவர். மகள் சிறுமியாக இருக்கும்போதே அவர் காலமாகிவிட்டார். ஏழு பிள்ளைகள் கொண்ட வீட்டில் ஓவியம் விட்டுச்சென்ற வாசனை மட்டும் நிலைத்தது. ஒன்பது கெஜப் புடவை அன்றாட உடையாக இருந்த ஊரில் வளர்ந்ததையும் இங்கே சேர்த்துக்கொள்ள வேண்டும். கால்களுக்கிடையே கொசுவத்தை வாங்கிப் பின்னால் செருகும் அந்தக் கட்டில், உடுத்தியவரின் சாதியும் வயதும் வேலையும் துணியின் மடிப்பிலேயே தெரிந்துவிடும். மடிசார் கட்டை அறிந்த தமிழ் வாசகருக்கு இதை விளக்க வேண்டியதில்லை.

மும்பையின் சர் ஜே. ஜே. கலைப்பள்ளியில் அவர் ஓவியம் பயின்றார். 1951இல் அங்கே தங்கப்பதக்கம் பெற்றார். சூசாவும் ராசாவும் உசேனும் 1947இல் தொடங்கிய முற்போக்குக் கலைஞர் குழு இந்திய நவீன ஓவியத்தின் போக்கைத் திருப்பிக்கொண்டிருந்த காலம் அது. அக்குழுவின் 1953ஆம் ஆண்டுக் கண்காட்சியில் படைப்புகளை வைத்த ஒரே பெண் பானு ராஜோபாத்யே. ஓவியராகவே அவர் தொடர்ந்திருந்தால் இந்திய நவீன ஓவிய வரலாற்றில் அவருக்கு ஒரு பக்கமாவது கிடைத்திருக்கும். ஆனால் நகரத்தில் தனியே பிழைக்க வேண்டியிருந்த இளம் பெண்ணுக்கு ஓவியம் சோறு போடவில்லை. ‘ஃபேஷன் அண்ட் பியூட்டி’ என்ற இதழுக்கும், பின்னர் ‘ஈவ்ஸ் வீக்லி’ இதழுக்கும் அவர் ஆடை ஓவியங்கள் வரைந்து கொடுத்தார். அந்த இதழின் ஆசிரியர் ஒரு பூட்டிக், அதாவது குறைந்த எண்ணிக்கையில் தனித்தன்மையுள்ள உடைகளை விற்கும் கடை, தொடங்கியபோது, தாளில் வரைந்ததைத் துணியில் வெட்டிப் பார்க்கும் வாய்ப்பு வந்தது. காமினி கௌசல், நர்கிஸ் ஆகிய நடிகையர் அந்த வழியாகவே அவரை அறிந்தார்கள்; படவாய்ப்பும் அந்த வழியாகவே வந்தது. இடையில் பாடலாசிரியர் சத்யேந்திர அத்தையாவை மணந்ததால், ராஜோபாத்யே என்ற பெயர் அத்தையா ஆயிற்று.

கதாநாயகியின் உடையை ஒருவர், கதாநாயகனின் உடையை அவருடைய சொந்தத் தையற்காரர், கூட்டத்தின் உடையை வாடகைக் கடைக்காரர் என்று பிரித்துப் பார்ப்பதே அன்றைய இந்திப் படத்தின் நடைமுறை. ஒரே சட்டகத்தில் நிற்கும் மூவரின் உடைக்கும் மூன்று வெவ்வேறு மனங்கள் பொறுப்பு என்றால், படத்துக்கென்று ஒரு நிறத்திட்டம் உருவாக வழியே இல்லை. பானு அத்தையாவின் தொடக்கப் பணிகளிலும் இந்த வரம்பு உண்டு. ராஜ் கபூரின் ‘ஸ்ரீ 420’ (1955) படத்தில் நாதிரா அணிந்த உடலோடு ஒட்டிய நீண்ட கவுன் அவர் கைவண்ணம் என்று புகழ்பெற்றது. அது கறுப்பு வெள்ளைப் படம். நிறம் அங்கே பயன்படாது. சிவப்பும் பச்சையும் ஒரே சாம்பலாகத் தெரியக்கூடும். துணியின் பளபளப்பு, அதன்மேல் விளக்கொளி வழுக்கி ஓடும் விதம், பின்னணியைவிட உருவம் எவ்வளவு பிரகாசமாகத் தெரிகிறது என்பவையே அங்கு வடிவமைப்பாளரின் கருவிகள். கரிக்கோலால் ஒளிநிழல் வரைந்து பழகியவருக்கு இந்தக் கணக்கு எளிதாகக் கைவந்ததில் வியப்பில்லை. அடுத்த ஆண்டு ‘சி.ஐ.டி.’ வழியாகக் குரு தத்தின் படக்குழுவில் அவர் இடம்பெற்றார். செங்கல்பட்டில் பிறந்து தென்னிந்தியப் படங்களில் தொடங்கிய வஹீதா ரஹ்மானின் முதல் இந்திப் படமும் அதுவே. ‘பியாசா’ (1957), ‘சாகிப் பீபி அவுர் குலாம்’ (1962) ஆகிய படங்கள் அந்தக் கூட்டுப்பணியில் தொடர்ந்தன.

வண்ணப்படம் பரவிய அறுபதுகளில் அவருடைய உடைகள் திரையிலிருந்து தெருவுக்கு இறங்கின. ‘வக்த்’ (1965) படத்தில் சாதனா அணிந்த, உடலை ஒட்டித் தைத்த குர்தாவும் இறுகிய சூடிதாரும் வட இந்தியக் கல்லூரிப் பெண்களின் உடையையே மாற்றின. ‘பிரம்மச்சாரி’ (1968) படத்தில் மும்தாஜ் அணிந்து ஆடிய ஆரஞ்சு நிறச் சேலை இன்னும் நுட்பமான சான்று. பார்ப்பதற்குச் சுற்றிக் கட்டியதாகத் தோன்றும் அந்தச் சேலை உண்மையில் மடிப்புகளை நிலையாகத் தைத்து, ஜிப் வைத்து மூடிய ஓர் ஆயத்த உடை. வேகமான நடன அசைவில் சேலை நழுவும். நழுவினால் ஒவ்வொரு ஷாட்டுக்கும் முன் திரும்பக் கட்ட வேண்டும். திரும்பக் கட்டினால் மடிப்பு முந்தைய ஷாட்டோடு பொருந்தாது. ஷாட்டுக்கு ஷாட் உடையும் ஒப்பனையும் பொருளும் மாறாமல் காக்கும் இந்த ஒழுங்கைத் திரைத்துறையினர் கன்டினியூட்டி என்பார்கள். ஆக, வெறும் கவர்ச்சி என்று எண்ணப்படும் அந்தச் சேலை ஒரு பொறியியல் சிக்கலுக்கான விடையும்கூட. தைத்ததைத் தைக்காததுபோல் காட்டும் இந்த வித்தையை அவர் இரண்டாண்டுகளுக்கு முன்பே, வேறொரு பெரிய அளவில், செய்து பார்த்திருந்தார்.

லேக் டண்டன் இயக்கிய ‘ஆம்ரபாலி’ (1966) படத்தில், சென்னையில் பிறந்து பரதநாட்டியம் பயின்ற வைஜயந்திமாலா வைசாலி நகரத்து நடனமங்கையாக நடித்தார். மகத அரசன் அஜாதசத்ருவாகச் சுனில் தத். புத்தர் காலத்து உடைக்கு ஆதாரம் தேடி பானு அத்தையா அஜந்தா குகை ஓவியங்களைச் சென்று பார்த்துக் குறிப்பெடுத்தார். இடுப்பில் சுற்றும் கீழாடையான அந்தரீயம், தோளில் தவழும் மேலாடையான உத்தரீயம், இடுப்பை இறுக்கும் காயபந்தம், மார்புக்கச்சு என்று பழைய இந்திய உடையின் உறுப்புகள் அனைத்தும் வெட்டாத நீளத்துணிகளே. அவற்றை ஆடுவதற்கு ஏற்றதாகவும், தணிக்கைக்கு உட்பட்டதாகவும், ஓவியத்தில் உள்ளதுபோல் உடலின் வளைவைப் பின்பற்றுவதாகவும் ஒருசேர ஆக்க வேண்டியிருந்தது. இதில் ஆய்வாளர் கவனிக்க வேண்டிய ஒரு முரண் உண்டு. அஜாதசத்ரு பொது ஆண்டுக்கு முந்தைய ஐந்தாம் நூற்றாண்டைச் சேர்ந்தவன்; அஜந்தாவின் புகழ்பெற்ற ஓவியங்களில் பெரும்பகுதி பொது ஆண்டு ஐந்தாம் நூற்றாண்டின் ஆக்கம். இடையில் ஏறத்தாழ ஆயிரம் ஆண்டுகள். எனவே படத்தில் உள்ளது ஆம்ரபாலி உண்மையில் உடுத்தியது என்று யாரும் உறுதி கூற முடியாது. பண்டைய இந்தியா என்றதும் இருபதாம் நூற்றாண்டுப் பார்வையாளர் மனத்தில் எந்தச் சித்திரம் எழுமோ, அதற்கு இசைந்த நம்பத்தக்க வடிவம் அது. வரலாற்று உடை என்று திரையில் சொல்லப்படுவது பெரும்பாலும் இத்தகைய நினைவின் உடைதான். அதைக் குறையாகக் கொள்ள வேண்டியதில்லை, ஆவணம் என்று மயங்காதிருந்தால் போதும். பின்னர் வந்த புராண, வரலாற்றுப் படங்களிலும் தொலைக்காட்சித் தொடர்களிலும் அரசவை நங்கையர் உடுத்திய கச்சையிலும் கொசுவத்திலும் அந்த ‘ஆம்ரபாலி’யின் சாயலைக் காண்பது கடினமன்று.

வடிவமைப்பாளரின் வேலைமுறையை இவ்விடத்தில் சுருக்கமாகச் சொல்லிச் செல்லலாம். திரைக்கதையைப் படித்து, பாத்திரவாரியாகவும் காட்சிவாரியாகவும் உடை மாற்றங்களைப் பட்டியலிடுவது முதற்படி. கதையில் நாள் மாறினால் உடை மாற வேண்டும். படப்பிடிப்போ கதை வரிசையில் நடப்பதில்லை. மழையில் நனையும் உடைக்கும், குண்டடி பட்டுக் குருதி தோயும் உடைக்கும் ஒன்றுக்கு மேற்பட்ட பிரதிகள் வேண்டும். புதுத்துணி திரையில் புதுத்துணியாகவே தெரிந்து காட்சியைக் கெடுக்கும் என்பதால், அதைத் துவைத்து, கல்லில் அடித்து, மடிப்பு விழும் இடங்களைத் தேய்த்துப் பழசாக்குவது தனி வேலை. தூய வெள்ளை ஒளிப்பதிவாளருக்குத் தொல்லை: விளக்கொளியைத் திருப்பியடித்து முகத்தை விழுங்கிவிடும், ஆகவே வெள்ளையைத் தேயிலைச் சாயத்திலோ மெல்லிய சாம்பல் சாயத்திலோ முக்கி மங்கவைப்பது உலகெங்கும் உள்ள வழக்கம். இத்தனையும் நன்றாக நடந்தால் பார்வையாளர் உடையைக் கவனிக்கவே மாட்டார்.

ரிச்சர்ட் அட்டன்பரோவின் ‘காந்தி’ (1982) இந்த எல்லாச் சிக்கல்களையும் ஒரே படத்தில் திரட்டித் தந்தது. கதை 1893 முதல் 1948 வரை ஐம்பத்தைந்து ஆண்டுகள் ஓடுகிறது. தென்னாப்பிரிக்காவிலும் லண்டனிலும் இந்தியாவின் பல பகுதிகளிலும் நடக்கிறது. படப்பிடிப்பு 1980 நவம்பரில் தொடங்கி அடுத்த ஆண்டு மே மாதம் முடிந்தது. வேலை இரண்டாகப் பகுக்கப்பட்டது. இராணுவச் சீருடை வரலாற்றில் நிபுணரும் ‘ஸ்டார் வார்ஸ்’ படத்துக்காக ஏற்கனவே ஆஸ்கர் பெற்றவருமான ஆங்கிலேயர் ஜான் மொல்லோ பிரிட்டிஷ் தரப்பை ஏற்றார். இந்தியத் தரப்பு பானு அத்தையாவிடம் வந்தது. மொல்லோவின் பணிக்குச் சட்டப்புத்தகம்போல ஆதாரங்கள் இருந்தன: எந்தப் படைப்பிரிவுக்கு எந்த ஆண்டில் எந்தப் பொத்தான் என்பது எழுதி வைக்கப்பட்டுள்ளது. இந்தியத் தரப்பில் அப்படி ஒரு கையேடு கிடையாது. ஒரு பீகார் அவுரி விவசாயி, ஒரு குஜராத்தி வணிகர், ஒரு பதான், ஒரு சீக்கியர், டர்பனில் குடியேறிய ஒரு தொழிலாளி ஆகியோர் அந்தந்த ஆண்டில் தலையில் எதை எப்படிச் சுற்றினார்கள் என்பதைப் புகைப்படங்களிலிருந்தும் அருங்காட்சியகங்களிலிருந்தும் வாழும் வழக்கத்திலிருந்தும் தொகுத்தெடுக்க வேண்டும்.

படத்தின் மைய உடைக்கோடு கழற்றுதலின் கோடு. ரயிலின் முதல் வகுப்பிலிருந்து தள்ளப்படும் இளம் வழக்கறிஞர் கஞ்சி போட்ட காலரும் சூட்டும் அணிந்தவர். 1915இல் மும்பையில் இறங்குபவர் கத்தியவார் பாணி உடையும் தலைப்பாகையும் அணிந்தவர். இறுதியில் மிஞ்சுவது முழங்காலுக்கு மேலான ஒற்றைத் துண்டும் சால்வையும். பொதுவாகத் திரையில் நாயகன் உயர உயர உடை பெருகும். இங்கே அவன் உயர உயர உடை குறைகிறது. வரலாற்றில் இந்த மாற்றத்தின் கடைசிப் படி தமிழ்நாட்டில் நிகழ்ந்தது: 1921 செப்டம்பர் 22 அன்று மதுரை மேலமாசி வீதியில் தாம் தங்கியிருந்த வீட்டிலிருந்து காந்தி அரையாடையுடன் வெளியே வந்தார். திரைக்கதை அந்த நாளைக் காட்டவில்லை. மாறாக, ஆற்றங்கரையில் போதிய துணியின்றி நிற்கும் ஒரு பெண்ணை நோக்கி அவர் தம்மிடமிருந்த துணியை நீரில் மிதக்கவிடும் காட்சியில் அதன் பொருளை வைத்தது. மதுரையை அறிந்தவர்களுக்கு இது ஒரு சிறு ஏமாற்றம். ஆனால் உடையையே கதைநிகழ்ச்சி ஆக்கிய வகையில் அது வலுவான தேர்வு.

இந்த இடத்தில்தான் தொடக்கத்தில் எழுப்பிய கேள்வி திரும்ப வருகிறது. அரையாடைக்கு வடிவம் என்ன இருக்கிறது? முதலாவது, நூல். கையால் நூற்ற நூல் சீராக இராது. ஓரிடத்தில் தடித்தும் ஓரிடத்தில் மெலிந்தும் ஓடும். அதைக் கைத்தறியில் நெய்த கதர், ஆலைத்துணியைப்போல் வழுவழுப்பாக விழாமல் சற்று விறைப்பாக நின்று, கனத்த மடிப்புகளாகச் சரியும். திரையில் இந்த வேறுபாடு பேச்சின்றியே தெரிகிறது: அந்நியத் துணி எரிப்புக்கு முன்னும் பின்னும் ஒரே கூட்டம் வேறு கூட்டமாக மாறுவது நிறத்தாலன்று, துணி விழும் விதத்தால். இரண்டாவது, வெள்ளைகளுக்குள் வேற்றுமை. செல்வந்தக் காங்கிரஸ்காரரின் சலவை வெள்ளையும், ஆசிரமத்துக் கையலம்பல் வெள்ளையும், உழவனின் மண்ணேறிய வெள்ளையும் ஒரே சட்டகத்தில் நின்றால் மூன்று வர்க்கங்கள் தெரிய வேண்டும். மூன்றாவது, கட்டு. வேட்டி எந்த உயரத்தில், எத்தனை மடிப்போடு, எவ்வளவு அவசரத்தில் கட்டப்பட்டது என்பதே அங்கே தையலின் இடத்தை எடுத்துக்கொள்கிறது. காந்தியாக நடித்த பென் கிங்ஸ்லியின் உடம்பு அதைப் பிறவியிலேயே உடுத்தியதுபோல் நடக்க வேண்டும். கஸ்தூரிபாவாக நடித்த ரோகிணி ஹட்டங்கடியோ இளம் மனைவியிலிருந்து எழுபது கடந்த மூதாட்டி வரை சேலைக் கட்டின் தளர்ச்சியிலேயே வயதைக் காட்ட வேண்டும். காந்தியின் இறுதி ஊர்வலக் காட்சி 1981 ஜனவரி 31 அன்று டில்லியில் எடுக்கப்பட்டபோது மூன்று லட்சத்துக்கும் மேற்பட்டோர் திரண்டார்கள் என்பது பதிவான செய்தி. அத்தனை பேரையும் எந்த உடைப்பிரிவாலும் உடுத்திவிட முடியாது. கேமராவுக்கு அருகே நிற்கும் வரிசைகள் சரியாக இருந்தால், தூரத்துக் கூட்டத்தைக் கண் தானே சரியாக்கிக்கொள்கிறது.

அமெரிக்கத் திரைக்கலை அகாதமி ஆடை வடிவமைப்புக்கு விருது வழங்கத் தொடங்கியதே 1948ஆம் ஆண்டுப் படங்களிலிருந்துதான்; அகாதமி விருதுகள் தொடங்கி இருபது ஆண்டுகள் கழித்து. அந்த விருதின் வரலாறு பெரும்பாலும் பட்டும் சரிகையும் மிடுக்கும் நிறைந்தது. 1983 ஏப்ரல் 11 அன்று ‘காந்தி’யுடன் போட்டியிட்டவை அந்த மரபை நன்கு உணர்த்தும்: இத்தாலியப் பெருவடிவமைப்பாளர் பியேரோ தோசி ஆடைகள் அமைத்த ‘லா த்ராவியாத்தா’ என்ற ஆப்பெராப் படம், கணினிக்குள் நடக்கும் கதையான ‘டிரான்’ படத்தின் ஒளிரும் கவசங்கள், முப்பதுகளின் பாரிஸ் இரவு விடுதிகளைக் காட்டிய ‘விக்டர்/விக்டோரியா’, இவற்றோடு ‘சோபிஸ் சாய்ஸ்’. இவற்றின் நடுவே கதர் வென்றது. அன்றைக்கு ‘காந்தி’க்கு எட்டு விருதுகள் கிடைத்த அலையில் இதுவும் ஒன்றாக வந்தது என்று சொல்பவர்கள் உண்டு, அதில் ஓரளவு உண்மையும் இருக்கலாம். ஆயினும் ஐம்பத்தைந்து ஆண்டுக் காலமாற்றத்தை ஆயிரக்கணக்கான உடல்களின் மீது பிசகின்றிக் காட்டிய அளவும் நுணுக்கமும் போட்டியிட்ட மற்ற படங்களில் இல்லை என்பதும் உண்மை. போட்டி விருதில் இன்னொரு இந்தியர் ஆஸ்கர் பெற 2009 வரை, ஏ. ஆர். ரஹ்மானும் ரசூல் பூக்குட்டியும் வெல்லும் வரை, காத்திருக்க வேண்டியிருந்தது.

விருதுக்குப் பின் அவர் வெளிநாட்டுக்குப் போய்விடவில்லை, வேலையும் மாறிவிடவில்லை. இந்தியத் தேசியத் திரைப்பட விருதில் ஆடை வடிவமைப்புக்குத் தனிப்பிரிவு எண்பதுகளின் நடுவில்தான் வந்தது. அதை அவர் இருமுறை பெற்றார். முதலாவது, இராஜஸ்தானின் பாலைநிலத்தில் அலையும் ஓர் ஆவியின் கதையைச் சொன்ன குல்சாரின் ‘லேக்கின்’ படத்துக்கு. இரண்டாவது, அஷுதோஷ் கோவாரிக்கரின் ‘லகான்’ (2001). தற்செயலாக ‘லகான்’ கதை நிகழ்வதும் அதே 1893. காந்தி பீட்டர்மாரிட்ஸ்பர்க்கில் ரயிலிலிருந்து இறக்கப்பட்ட ஆண்டிலேயே, கற்பனையான ஒரு கிராமம் வரிவிலக்குக்காக ஆங்கிலேயரோடு கிரிக்கெட் ஆடுகிறது. கட்ச் பகுதியில் புஜ் நகருக்கு அருகே எடுக்கப்பட்ட அப்படத்தில் இம்முறை இருதரப்பு உடைக்கும் அவரே பொறுப்பு. ஒருபுறம் அளவெடுத்துத் தைத்த வெள்ளைக் கால்சட்டையும் சட்டையும். மறுபுறம் மண், சுண்ணாம்பு, காய்ந்த புல் ஆகியவற்றின் நிறங்களில் வேட்டியும் முண்டாசும். ஆட்டம் தொடங்குவதற்கு முன்பே, ஓடுவதற்கென்று தைத்த உடைக்கும் உழுவதற்கென்று கட்டிய உடைக்கும் இடையே போட்டி தொடங்கிவிடுகிறது. மழையற்ற ஊர் என்பதைக் கதை சொல்வதற்கு முன் துணியின் வறட்சி சொல்லிவிடுகிறது.

நூற்றுக்கும் மேற்பட்ட படங்களுக்குப் பின், தம் முறையையும் வரைபடங்களையும் 2010இல் ஆங்கிலத்தில் ஒரு நூலாக அவர் தொகுத்தார். இந்தியத் திரைப்பட வரலாற்றில் இத்தகைய நூல்கள் மிக அரிது என்பதே இத்தொழிலின் நிலைக்குச் சான்று. படத்தின் நெகட்டிவுக்கும் சுவரொட்டிக்கும் ஆவணக்காப்பகம் உண்டு. உடைக்கு அப்படி ஒரு கதி வாய்ப்பதில்லை. படம் முடிந்ததும் அது கிடங்குக்குப் போகும், வாடகைக்குப் போகும், அடுத்த படத்துக்காகப் பிரித்துத் தைக்கப்படும், எலிக்கும் ஈரத்துக்கும் இரையாகும். அவர் 2012இல் தம் ஆஸ்கர் சிலையை லாஸ் ஏஞ்சல்ஸில் உள்ள அகாதமியிடமே பாதுகாப்புக்காகத் திரும்ப ஒப்படைத்தார். சாந்திநிகேதனில் இருந்த தாகூரின் நோபல் பதக்கமே திருடுபோனதை அவர் காரணம் சுட்டினார். அது நாட்டுப்பற்றின்மை என்று சிலர் குறை கூறினார்கள். கிடங்குகளின் வழக்கத்தை அரை நூற்றாண்டு பார்த்தவர் எடுத்த முடிவு என்று கொள்வதே பொருத்தம்.

2020 அக்டோபர் 15 அன்று, தமது தொண்ணூற்றொன்றாம் வயதில், மும்பையில் அவர் காலமானார். அதன்பின் அவருடைய ஓவியங்களும் உடை வரைபடங்களும் கலை ஏலத்துக்கு வந்தன. கலைப்பள்ளி நாட்களின் படைப்புகளை வாங்க வந்தவர்கள் அங்கே தேடியது பானு ராஜோபாத்யே என்ற பெயரை.